முந்திக்கொண்ட சிரிப்பு

தோளுக்கடியில் கைகொடுத்துக் கணவரைத் தூக்கி, தலையணையைச் சரிசெய்யும்போதே, இன்று சொல்லிவிட வேண்டும் என்று அவள் முடிவு செய்துவிட்டாள். காலையில் வந்த டாக்டர், இனி நாள் கணக்கில்லை, மணிக் கணக்குதான் என்பதைச் சொல்லாமல் சொல்லிவிட்டுப் போயிருந்தார்.

இருபது வருடமாக உறுத்தும் விஷயம். அப்போது அவர் கார்ட்டூன் படக் கம்பெனியில் வரைந்துகொண்டிருந்தார். ஒரு நொடிக்கு இருபத்துநாலு படம். திரையில் யானை நாலு படி இறங்குவதற்குள் இவருக்கு ஒரு வாரம் ஓடிவிடும். பன்னிரண்டு வருடத்தில் கண்ணும் கழுத்தும் போயின. ஒரு ஞாயிற்றுக்கிழமை, சினிமாவுக்காகத் தான் எழுதிய முதல் நகைச்சுவைக் கதையை அவளிடம் வாசித்தார். அவள் சிரித்தால் வேலையை விடுவது, இல்லையென்றால் கதையைக் கிழிப்பது என்று பேச்சு. சத்தியமாக அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. அவருடைய சிவந்த கண்களைப் பார்த்தாள். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். மறுநாளே அவர் ராஜினாமா செய்தார்.

முதல் மூன்று கதைகளை ஒருவரும் சீந்தவில்லை. பிறகு ஊரே விழுந்து விழுந்து சிரித்தது. தியேட்டரில் அவள் மட்டும் திருடியைப் போல உட்கார்ந்திருப்பாள். அவர் எழுதிய ஒரு வரிகூட அவளைச் சிரிக்க வைத்ததில்லை. அன்றைய பொய் அவளைச் சிரிக்க விடவில்லை.

"ஏங்க, அன்னிக்கு முதல் கதை படிச்சீங்கல்ல. எனக்குச் சிரிப்பே வரல. சும்மா சிரிச்சேன்."

அவர் கண்ணைத் திறக்கவில்லை. "தெரியும்."

அவள் குனிந்து அவர் முகத்தைப் பார்த்தாள்.

"ஜோக்கு வர்றதுக்கு முன்னாடியே சிரிச்சுட்ட," என்றார். மூச்சு வாங்கியது. "வாய்தான் சிரிச்சுது. கண்ணு சிரிக்கல. பன்னெண்டு வருஷம் மூஞ்சி வரைஞ்சவன்கிட்டயா?"

"அப்புறம் ஏன் வேலைய விட்டீங்க?"

"ஒரு நாளாவது உன்னை நிஜமா சிரிக்க வைக்கணும்ல."

எத்தனையோ தடவை சிரித்தேனே என்று சொல்லியிருக்கலாம். அவரிடம் அது செல்லாது. அவள் போர்வையை இழுத்துவிடுவதற்குள் அவர் தூங்கிப்போனார். மதியம் மூச்சு நின்றது.

கூடத்தில் கிடத்தினார்கள். தலைமாட்டில் வைக்க வீட்டில் நல்ல படம் ஒன்றுகூட இல்லை. கேமராவைக் கண்டால் ஓடிவிடுகிற மனிதர். பழைய கம்பெனியில் அவரோடு வேலை பார்த்த நண்பர் ஒருவர், தன்னிடம் ஒன்று இருப்பதாகப் போனில் சொல்லியிருந்தார். வரைந்ததைவிட அழித்ததே அதிகம் என்பதால் அந்த நண்பருக்கு 'ரப்பர்' என்று பட்டப்பெயர். சாயங்காலம் படத்தைச் சட்டம் போட்டு, காகிதத்தில் சுற்றி, இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு வந்தார். முகத்தில் அப்படியொரு துக்கம்.

காகிதத்தைப் பிரித்தார். வரைகிறவர்கள் மேஜையில் கண்ணாடி வைத்து, தாங்களே முகத்தைக் கோணிப் பார்த்துத்தான் வரைவார்கள். அந்த நேரத்தில் யாரோ எடுத்த படம். கன்னம் உப்பி, ஒரு கண் மூடி, ஒரு கண் பிதுங்கி, ஊசி போட்டுக்கொள்ளப் போகிற கழுதையாக அவள் கணவர்.

"இதுதான் இருந்துச்சு அண்ணி," என்றார் ரப்பர். "மத்ததெல்லாம் இதைவிட மோசம்."

அவளுக்கு முதலில் கண் சுருங்கியது. பிறகுதான் உதடு விரிந்தது. வாயைப் பொத்திக்கொண்டும் தோள் குலுங்குவது நிற்கவில்லை. நாத்தனார் ஓடிவந்து கட்டிக்கொண்டாள். "அழுதுடு, அடக்காத."

ரப்பர் பதறிப்போய்ப் படத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பினார். அவள் எட்டி அவர் கையைப் பிடித்தாள்.

"திருப்பாதீங்க. இப்படியே இருக்கட்டும்."

படம் தலைமாட்டில் நின்றது. வந்தவர்கள் அதைப் பார்த்துவிட்டு, வந்த சிரிப்பை மறைக்கத் தலையைக் குனிந்துகொண்டு உட்கார்ந்தார்கள்.