அத்தை காரில் பதிவான கோபம்

லவெலுக்கு மேடைப் பெயர் ‘பிணப்பெட்டி’. பிழைப்போ காம்ப்டன் என்ற கறுப்பர் பேட்டையில் ஒரு டோனட் கடையில் மாவு பிசைவது. தெருநாயைக் கண்டால் எதிர்ப்பக்கம் போய்விடுவான். எண்பத்தெட்டாம் வருஷம், அவனும் இரண்டு கூட்டாளிகளும் ஊரையே நடுங்க வைக்கும் ராப் ஆல்பம் போடக் கிளம்பினார்கள். ஸ்டுடியோவுக்கு வழியில்லை. வெர்டீன் அத்தை தன் கராஜைக் கொடுத்தாள், ஒரு கண்டிஷனோடு.

“இது ஜெபம் பண்ற வீடு. ஒரு கெட்ட வார்த்தை என் காதுல விழுந்துச்சு, மைக்கைப் பிடுங்கி உன் வாயிலயே திணிச்சிடுவேன்.”

“அத்தே, அதையெல்லாம் எடுத்துட்டா பாட்டுல ‘அந்த’, ‘இந்த’தான் மிஞ்சும்.”

“அப்ப அதைப் பாடு.”

கூட்டாளி ராண்டெல்தான் வழி கண்டுபிடித்தான். இசைக்குக் கராஜ், வசவுக்கு வாசலில் நின்ற அத்தையின் பழைய ப்யூக் கார். கண்ணாடிகளை ஏற்றி, இடுக்கிலெல்லாம் போர்வையைத் திணித்து, ஆகஸ்ட் வெயிலில் சட்டையில்லாமல் உள்ளே உட்கார்ந்து கத்தினார்கள். போலீஸை வறுத்தெடுக்கும் வரியில் லவெலுக்குக் கண் இருட்டியது.

“கதவைத் திறங்கடா, செத்துருவேன்!” என்று அலறினான். நன்றாக இருக்கிறதே என்று ராண்டெல் அதையும் பாட்டிலேயே விட்டுவிட்டான்.

ஆல்பம் வந்தது. சீந்துவாரில்லை. பிறகு ஒரு போலீஸ் சங்கத் தலைவர் டிவியில் கேசட்டைத் தூக்கிக் காட்டி, இதைக் கேட்கும் பிள்ளைகள் உருப்படாமல் போவார்கள் என்றார். அவ்வளவுதான், வசதியான பேட்டைகளின் வெள்ளைக்காரப் பிள்ளைகளெல்லாம் உருப்படாமல் போகக் கடைகளில் வரிசை கட்டினார்கள். லவெல் டோனட் கடைக்கு முழுக்குப் போட்டான்.

முப்பது வருஷம் கழித்து ஒரு பல்கலைக்கழகக் கருத்தரங்கில் அந்த அலறலைப் போட்டுக் காட்டினார் ஒரு பேராசிரியர்.

“அடைபட்ட ஓர் இனத்தோட மூச்சுத் திணறல் இது!”

விருந்தாளியாக முன்வரிசையில் இருந்த லவெலுக்குப் பொறுக்கவில்லை. எழுந்தான். “சார், அது வெயிலு. எங்க அத்தையோட காரு. கண்ணாடிய ஏத்திட்டானுங்க.”

அரங்கம் கைதட்டியது. பேராசிரியருக்குக் கண் கலங்கிவிட்டது. “பாத்தீங்களா, வலியைக்கூட எப்படிக் கேலியாக்கி மறைக்கிறாரு!”

அந்தக் கார் ஒரு குறியீடு என்று அவர் கட்டுரை எழுதினார். இல்லை, வெயில்தான் குறியீடு என்று இன்னொருவர் மறுத்தார். சண்டை முற்றியதில் லவெலுக்கு அங்கேயே வேலை கிடைத்தது, வருகைதரு பேராசிரியராக.

முதல் வகுப்பில் ஒரு மாணவி கேட்டாள்: “இவ்வளவு கோபம் எங்கிருந்து சார் வந்துச்சு?”

“வேர்வையிலேருந்தும்மா,” என்றான் லவெல். பொய்யில்லை. வகுப்பே குனிந்து எழுதிக்கொண்டது.

அன்று மாலை அத்தைக்குப் போன் போட்டான்.

“என்னடா சொல்லிக் குடுக்கற?”

“அதே பாட்டுதான் அத்தே.”

“அந்த வார்த்தைங்களோடயா?”

“பரீட்சையே அதுலேருந்துதான்.”

அத்தை டக்கென்று போனை வைத்துவிட்டாள். ஆனால் ஞாயிற்றுக்கிழமை சர்ச் விருந்தில், மருமகன் பேராசிரியராகிவிட்டான் என்று ஒருத்தர் விடாமல் சொல்லித் தீர்த்தாள். என்ன பாடம் என்று பாதிரியார் கேட்டபோதுதான் கொஞ்சம் திணறினாள்.

“ஏதோ மொழிப்பாடமாம்,” என்றவள், அவர் தட்டில் இன்னும் இரண்டு துண்டு கோழியை வைத்தாள்.