மூன்றாவது வரி

ரீவி கேமில் றூபன் ஆறாவது கோலை அடித்தபோது, கட்டிலருகே நின்ற ஒட்சிசன் இயந்திரத்தின் இரைச்சலையும் மீறி அரபு வர்ணனையாளர் கத்தினார். குசினி வாசலில் சூப்புக் கோப்பையோடு நின்ற வேரோனிக்கா கட்டிலில் கிடந்த மூத்த மகனின் முகத்தைப் பார்த்தாள். பிறகு இளைய மகன் றூபனைப் பார்த்தாள்.

"ஒண்டை விடனடா. உனக்கென்ன குறைஞ்சு போகப்போகுது?"

"அவன் விட்டானெண்டா நான் எழும்பிப் போடுவன்," என்றான் ஜூலியஸ்.

இரண்டு கிழமையாக அவன் எழும்பியதில்லை. வேரோனிக்கா சிரிக்க முயன்று, குசினிக்குள் திரும்பிப் போனாள். இன்றைக்கோ நாளைக்கோதான் என்று காலையில் வந்த தாதி அவளிடம் சொல்லியிருந்தாள். ஸ்காபரோவின் அந்த அடுக்குமாடி வீட்டில், சோபாவை வெளியே கொடுத்துவிட்டு ஹாலில்தான் கட்டிலைப் போட்டிருந்தார்கள். ரீவியைப் பார்க்க வசதியாக.

அவர்கள் சின்னப் பெடியன்களாக இருந்தபோது காலமாகிவிட்ட தகப்பன் யேசுரட்ணம் குடும்பத்தோடு சவூதியின் தமாமில் மெக்கானிக்காக இருந்தார். இந்தக் கேம் முதலில் அங்கே ஒரு கசெற் கடையில் வாங்கிய டிஸ்க்கில் இருந்தது. ஜப்பான்காரர் செய்த கால்பந்து கேமை யாரோ ரசிகர்கள் பிரித்துத் திரும்பக் கட்டியிருந்தார்கள். இங்கிலிஷ் வர்ணனையை எடுத்துவிட்டு அரபுக் குரலைப் போட்டிருந்தார்கள். ஐரோப்பியக் கிளப்புகள் இருந்த இடத்தில் வளைகுடாக் கிளப்புகள். விளம்பரப் பலகைகள்கூட அரபில். சகோதரர்கள் இருவருக்கும் அந்த எழுத்து வாசிக்கத் தெரியாது. எந்த வரியை அமத்தினால் என்ன நடக்கும் என்பது மட்டும் விரல்களுக்குத் தெரியும். கனடா வந்தபின் அதே கேமை இங்கிலிஷில் வாங்கினார்கள். ஒரு நாள் விளையாடிவிட்டு இருவரும் அதை மூடி வைத்தார்கள்.

அண்ணனுக்காக றூபன் அந்த அரபுக் கேமை ஒரு மாதமாக இணையத்தில் தேடினான். பழைய தளங்கள் எல்லாம் செத்துப்போயிருந்தன. கடைசியில், ஈராக்கின் பஸ்ராவில் இருக்கும் முகம் தெரியாத ஒருவன் அனுப்பினான். முதல் நாள் அந்தக் குரல் எழுந்தபோது ஜூலியஸ் அழுதான். நோயைச் சொன்ன அன்றுகூட அவன் அழவில்லை.

தமாமில் அவர்களுக்குள் ஒரு வழக்கம் இருந்தது. கோல் அடித்தவன் மற்றவனின் நாடியைப் பிடித்து முகத்தைத் திருப்பி, வர்ணனையாளரின் மூச்சு முடியும்வரை அவரோடு சேர்ந்து காதுக்குள் கத்தவேண்டும். வருடக்கணக்காகக் கத்தியவன் ஜூலியஸ் மட்டுமே. றூபனுக்கு நினைவிருந்தது காதுக்குள் தெறித்த எச்சிலும் நாடியில் பதிந்த விரல்களும்தான். ஒருமுறைகூட அண்ணன் அவனுக்கு விட்டுக்கொடுத்ததில்லை.

இப்போது ஜூலியஸ் தானாகவே தலையைத் திருப்பிக் காதைக் காட்டினான்.

"கத்தன்."

"வேண்டாம்."

"ஏன்ரா?"

ஜூலியஸ் இன்னும் கொஞ்ச நேரம் காதைக் காட்டியபடி கிடந்தான். பிறகு தலையை மெல்லத் திருப்பிக்கொண்டான்.

ஆட்டம் முடியச் சற்று முன்னர் றூபனின் பின்வரிசைக்காரன் பந்தைத் தவறவிட்டான். விட்டுக்கொடுத்ததல்ல, உண்மையான பிழை. வீங்கிய விரல்களால் ஜூலியஸ் பந்தைப் பறித்தான். கோல்காவலன் முன்னால் ஓடிவந்தான். ஜூலியஸ் அவனை வெட்டிக்கொண்டு போனான். முன்னால் வெறும் வலை. வர்ணனையாளரின் குரல் படிப்படியாக ஏறியது. ஜூலியஸின் தலை தலையணையை விட்டு எழும்பியிருந்தது. வேரோனிக்கா குசினியிலிருந்து ஓடி வந்தாள்.

றூபனின் பெருவிரல் நடுப் பொத்தானை அமத்தியது.

குரல் நின்றது. திரையில் மூன்று அரபு வரிகள் வந்தன. முதலாவது, ஆட்டத்தைத் தொடர. இரண்டாவது, ஆட்களை மாற்ற. றூபன் மூன்றாவது வரிக்கு இறங்கி அமத்தினான். மைதானம் மறைந்து, கேமின் முகப்பும் அதன் பாட்டும் வந்தன.

"மாறி அமத்திப்போட்டன்," என்றான்.

ஜூலியஸ் அவனையே பார்த்தான். இயந்திரம் இரைந்துகொண்டிருந்தது. கீழே எங்கோ பனி தள்ளும் வண்டி பின்வாங்கும் சத்தம் கேட்டது.

"எந்த வரியெண்டு மறந்துபோச்சோ?" என்று ஜூலியஸ் கேட்டான். குரலில் கோபம் இல்லை.

"ஓம்."

"எனக்கு மறக்கேல்லை."

அவன் கண்ணை மூடிக்கொண்டான்.

என்ன நடந்தது என்று வேரோனிக்கா கேட்டாள். கேம் நின்றுபோய்விட்டது என்று றூபன் சொன்னான். திருப்பிப் போடச் சொன்னாள். போட்டான். அதே கிளப்புகள், அதே மைதானம். அண்ணனின் கைக்குள் கொன்றோலரை வைத்தான். விரல்கள் அதைச் சுற்றி மடியவில்லை. அவனது ஆட்கள் நடுக்கோட்டில் அப்படியே நின்றார்கள். யாரும் விளையாடாத ஆட்டத்துக்கும் வர்ணனையாளர் எதையோ பேசிக்கொண்டிருந்தார். வேரோனிக்கா செபமாலையை எடுத்துவந்து ரீவியின் சத்தத்தைக் குறைத்தாள். வெளிச்சம் இருக்கும்போதே ஜூலியஸ் போய்விட்டான்.

உடலைப் பார்வைக்கு வைத்த அன்று, சவப்பெட்டியின் தலைமாட்டில் தாயும் மகனும் நின்றார்கள். சனம் வரத் தொடங்குமுன் வேரோனிக்கா அவன் பக்கம் குனிந்தாள்.

"கடைசியா அவன் ஓடினானெல்லே, அது கோலோ?"

றூபன் பெட்டியைப் பார்த்தான். ஜூலியஸின் நாடியை யாரோ நன்றாகச் சவரம் செய்திருந்தார்கள்.

"ஓம் அம்மா. கோல்தான்."

"நீ விட்டனியோ?"

"இல்லை. அவனாத்தான் அடிச்சவன்."

வேரோனிக்கா தலையை ஆட்டினாள். முதலில் வந்த றெஜினா அன்ரியிடம் அதைச் சொன்னாள். பிறகு வந்த ஒவ்வொருவரிடமும் சொன்னாள். கடைசி மூச்சுவரைக்கும் தம்பிதான் பக்கத்தில் இருந்து விளையாடினவன். விட்டுக்குடுக்கவே இல்லை. மூத்தவன் தானாகவே ஒரு கோல் அடிச்சிட்டுத்தான் போனவன்.

கேட்டவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு றூபனிடம் வந்தார்கள். சிலர் கட்டிப்பிடித்தார்கள். உன்னைப் போல ஒரு சகோதரம் யாருக்குக் கிடைக்கும் என்றார் சண்முகநாதன் அங்கிள்.

வரிசை வாசலைத் தாண்டி வெளியே கார் நிறுத்துமிடம்வரை நீண்டிருந்தது. அடுத்து நின்றவர் பனியில் நனைந்த கையுறையைக் கழற்றச் சிரமப்பட்டுக்கொண்டிருந்தார். றூபன் கையை நீட்டியபடி காத்திருந்தான்.