ஊமைச்சியின் இடது முன்னங்கால்

“கால் நல்லாத்தான் இருக்கு. நாளையிலிருந்து கல்லு ஏத்து.” செங்கல் சூளைக்கு வந்த மாட்டு டாக்டர் மூன்றாவது முறையும் இதையேதான் சொல்லிச் சீட்டில் எழுதினார். கழுதைக்காரி அவர் கையை மறித்தாள்.

“நல்லா பாருங்க சார். நொண்டுது.”

“எங்க நொண்டுது? சிப்பாய் மாதிரி நிக்குதே!”

மேஸ்திரி சிரித்தான். “நோவு கழுதைக்கா உனக்கான்னு கேளுங்க சார். வேலைக்கு டிமிக்கி குடுக்கப் புளுகுறா.”

ஊமைச்சி அசையாமல் நின்றது. பெயரை யார் வைத்தார்களோ, பொருத்தமாகத்தான் வைத்திருந்தார்கள். வயிற்றுவலி வந்தால்கூட அது வாய் திறந்ததில்லை.

“நீங்க இருக்கிற வரைக்கும் அப்படித்தான் நிக்கும். உங்க வண்டிச் சத்தம் கேட்டாலே நிமிந்துக்குது.”

“கழுதை என்கிட்ட நடிக்குதுங்கிறியா?”

“நடிக்கல சார், மறைக்குது. சோந்து நின்னா தடி வரும்னு அதுக்குத் தெரியாதா? மேஸ்திரி உங்க வண்டிய எடுத்துட்டுப் போகட்டும். நீங்க இந்தக் கல்லு அடுக்குக்குப் பின்னால குந்துங்க. நான் சொல்றது பொய்யின்னா நானே பொதி சுமக்குறேன்.”

அவள் குரல் ஏறியதில் செங்கல் அறுக்கிறவர்களெல்லாம் திரும்பிப் பார்த்தார்கள். டாக்டர் வேறு வழியில்லாமல் சாவியை மேஸ்திரியிடம் கொடுத்துவிட்டு, சுடாத பச்சைக்கல் அடுக்குக்குப் பின்னால் குந்தினார். வண்டி புறப்பட்டது. அவளும் விலகிப் போனாள்.

சத்தம் தேய்ந்து அடங்கியது. ஊமைச்சி இரண்டு காதுகளையும் ஒருமுறை சுழற்றியது. பிறகு தலையைத் தொங்கப் போட்டு, இடது முன்னங்காலை மெல்லத் தூக்கி, நுனி மட்டும் மண்ணில் படும்படி வைத்துக்கொண்டது. உடம்பெல்லாம் நடுங்கியது.

டாக்டர் எழுந்து வந்தார். அவரைப் பார்த்ததும் அது அந்தக் காலை ஊன்றி மறுபடியும் நிமிர்ந்து நின்றது. அவளும் ஓடி வந்தாள். டாக்டர் குனிந்தார். குளம்பைத் தூக்கித் தட்டினார். ஓரிடத்தில் சுரண்டியதும் கறுப்பாகச் சீழ் பீறிட்டது.

“உள்ள அழுகியிருக்கு. ஏம்மா, இத முன்னாடியே சொல்றதுக்கென்ன?”

“மூணு வாட்டி சொன்னேன்! நொண்டிக் காட்டினாத்தான் வலின்னு எழுதுவீங்கன்னா, வாயில்லாத ஜீவனுக்கு எதுக்கு டாக்டரு?”

அவர் பழைய சீட்டைக் கிழித்துப் போட்டுவிட்டு, பத்து நாள் பொதி ஏற்றக் கூடாது என்று புதிதாக எழுதினார்.

மேஸ்திரி திரும்பி வந்து வண்டியை நிறுத்தினான். அவள் ஊமைச்சியின் பொதிப்பையை இழுத்து வந்து டாக்டர் வண்டியின் இருக்கைமேல் தொப்பென்று போட்டாள்.

“பத்து நாளைக்கு இது சுமக்கட்டும்,” என்றாள். “இதுக்கு வலிச்சா சத்தமாவது போடும்.”