பதினான்கும் இருபத்தொன்றும்

ஆய்வுக்கூடத்தில் அவளுக்குக் கத்தரி என்று பெயர். முகத்துக்கு நேரே கத்தரி அக்கா, முதுகுக்குப் பின்னால் வெறும் கத்தரி. அவள் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் அங்கே கணினி கிடையாது. நுண்ணோக்கியில் தெரியும் குரோமோசோம்களைப் படம் பிடித்து, இருட்டறையில் கழுவி, ஒவ்வொன்றையும் கத்தரியால் வெட்டி எடுத்து, ஜோடி சேர்த்து அட்டையில் ஒட்ட வேண்டும். மனிதருக்கு நாற்பத்தாறு, அப்பாவிடமிருந்து பாதி, அம்மாவிடமிருந்து பாதி. யாராவது மறந்துபோய் மின்விசிறியைப் போட்டால் தீர்ந்தது. முன்பின் தெரியாத ஒருவருடைய குரோமோசோமைத் தேடி எல்லோரும் மேஜைக்கு அடியில் தவழ வேண்டியிருக்கும். அவள் வெட்டினால் ஓரத்தில் ஒரு பிசிறு இருக்காது. பிறகு கணினி வந்தது, கத்தரிகள் அலமாரிக்குள் போயின, பெயர் மட்டும் அவளோடு தங்கிவிட்டது.

புதிதாகச் சேர்கிறவர்கள் தங்கள் ரத்தத்திலேயே பழகிக்கொள்வது அப்போது வழக்கமாக இருந்தது. நோயாளியின் ரத்தத்தைக் கெடுத்துவிட்டால் திரும்பக் கேட்பது சங்கடம். சொந்த ரத்தம் என்றால் கையை நீட்டினால் போதும். அவளும் நீட்டினாள். உடல் சூட்டிலேயே செல்களை வளரவிட்டு, அவை இரண்டாகப் பிரியப்போகும் சமயத்தில் மருந்து விட்டு நிறுத்தி, ஊதவைத்து, கண்ணாடித் தகட்டில் சொட்டவிட்டுச் சாயம் ஏற்றினாள். முதல் தடவையே குரோமோசோம்கள் நன்றாக விரிந்து விழுந்ததில் அவளுக்குப் பெருமை தாங்கவில்லை. எண்ணினாள். நாற்பத்தைந்து.

சொட்டும்போது ஒன்று சிதறிப் போயிருக்கும் என்று அடுத்த செல்லைப் பார்த்தாள். அதிலும் நாற்பத்தைந்து. அதற்கடுத்ததிலும் அப்படியே. கைப்பழக்கம் போதவில்லை என்று நினைத்து, திட்டு வாங்கத் தயாராகத் தகட்டைப் பெரிய டாக்டரிடம் கொண்டுபோனாள். ஆய்வுக்கூடத்தின் தலைவியை எல்லோரும் அப்படித்தான் சொல்வார்கள். தலைமயிரை ஒட்ட வெட்டிக்கொண்ட, அதிகம் பேசாத பெண்மணி. அவர் நுண்ணோக்கியில் வெகுநேரம் பார்த்தார். பிறகு எழுந்துபோய் அறைக் கதவைச் சாத்திவிட்டு வந்தார். கதவு சாத்தப்பட்டபோதுதான் அவளுக்கு விஷயம் கைப்பழக்கம் அல்ல என்று உறைத்தது.

"உனக்கு எந்த வியாதியும் இல்லம்மா," என்றார் பெரிய டாக்டர். "பதினாலாவது ஒண்ணும் இருபத்தொண்ணாவது ஒண்ணும் ஒட்டிக்கிச்சு, அவ்வளவுதான். சரக்கு எதுவும் குறையல. குழந்தைன்னு வரும்போது பங்கு பிரிக்கிறதுல சிக்கல் வரலாம். வராமலும் போகலாம்."

வந்தால் என்னென்ன ஆகும் என்பதை மறைக்காமல் சொன்னார். கரு தங்காமல் போகலாம். இருபத்தொன்றாவது கூடுதலாகி, டவுன் சிண்ட்ரோம் என்கிற குறையோடு குழந்தை பிறக்கலாம். எந்தக் குறையுமில்லாத குழந்தையும் பிறக்கலாம். அவள் தலையாட்டிக் கேட்டுக்கொண்டு, போய் மிச்சத் தகடுகளைக் கழுவினாள். அந்த வாரத்தோடு சொந்த ரத்தத்தில் பழகும் வழக்கத்தைப் பெரிய டாக்டர் நிறுத்திவிட்டார். ஏன் என்று மற்றவர்கள் கேட்டதற்குக் காரணம் எதுவும் சொல்லவில்லை.

வீட்டில் அம்மாவும் தம்பியும் இருந்தார்கள். அப்பா அதற்கு முன்பே போய்விட்டிருந்தார். அவளுக்கும் தம்பிக்கும் நடுவில் ஒரு குழந்தை பிறந்து, தவழ்வதற்கு முன்பே இறந்திருந்தது. அதைப் பற்றி அந்த வீட்டில் யாரும் வாய் திறந்ததில்லை. இது அப்பா பக்கமா அம்மா பக்கமா என்று பார்த்துவிடலாம், கொஞ்சம் ரத்தம் கொடு போதும் என்று அவள் கேட்டபோது, அம்மா துவைத்த துணியை மடித்துக்கொண்டிருந்தாள். மடிப்பதை நிறுத்தவில்லை.

"எந்தப் பக்கம்னு தெரிஞ்சு யாரத் தூக்குல போடப் போறே?" என்றாள். "சின்னவன் காதுல மட்டும் போடாத."

அம்மா கடைசிவரை ரத்தம் கொடுக்கவில்லை.

அப்போது அவளுக்கு ஒரு சம்பந்தம் பேசி முடிகிற நிலையில் இருந்தது. மாப்பிள்ளை குழாய்ப் பாதைகளுக்கு வரைபடம் போடும் பொறியாளர். அவளே அவரை ஒரு காப்பிக் கடைக்கு வரச் சொல்லி விஷயத்தைச் சொன்னாள். அவர் பதறவில்லை. கை துடைக்கும் காகிதத்தில் வரைந்து காட்டச் சொன்னார், கவனமாகப் பார்த்தார், சந்தேகங்கூடக் கேட்டார். நல்ல மனிதர்தான். ஆனால் கொஞ்ச நாளில் அவர்கள் வீட்டிலிருந்து பையனுக்கு வெளியூருக்கு மாற்றலாகிவிட்டது என்று சொல்லியனுப்பினார்கள். மாற்றலாகிப் போனவரை அதற்குப் பிறகும் பல வருடங்கள் அவள் அதே பேருந்து நிறுத்தத்தில் பார்த்துக்கொண்டிருந்தாள். இருவருமே பேருந்து வருகிறதா என்று எட்டிப் பார்ப்பதுபோல் முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள்.

அடுத்து வந்த ஒன்றிரண்டு இடங்களுக்கு அவளே வேண்டாமென்று சொல்லிவிட்டாள். அம்மா போன பிறகு, தம்பியும் வேலைக்குப் பக்கத்தில் அறை எடுத்துக்கொண்டு போக, மூன்றாவது மாடியில் இருந்த அந்த இரண்டு அறை வீடு அவளுக்கு மட்டும் என்று ஆனது. சாப்பாட்டு மேஜையைச் சுற்றி, அதற்குப் பிறகு வாங்கிய நான்கு நாற்காலிகள். அதில் ஒன்றின் மெத்தை மட்டும் அமுங்கிக் கிழிந்திருந்தது. மற்ற மூன்றும் கடையில் வாங்கிய அன்றைக்கு இருந்ததுபோலவே இருந்தன.

தம்பி லிஃப்ட் பழுது பார்க்கும் வேலையில் இருந்தான். அவனுக்குக் கல்யாணம் நிச்சயமானபோது அம்மா உயிரோடு இல்லை. அதனால் அவள் அவனைக் கூப்பிட்டு எல்லாவற்றையும் சொன்னாள், ஒரு தடவை ரத்தம் கொடு என்றாள். அவன் சிரித்தான். லேபில் உட்கார்ந்து உட்கார்ந்து உனக்கு மனுசங்க எல்லாருமே தகடாகத்தான் தெரிகிறார்கள் என்று கேலி செய்தான். போகும்போது மட்டும் வாசலில் நின்று, பெண் வீட்டில் இதைச் சொல்லிவிடாதே என்றான். அவன் குரலில் அப்போது சிரிப்பு இல்லை.

அவன் மனைவி மூக்குக் கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிக்கிற பெண். யார் பேசினாலும் நேராகக் கண்ணைப் பார்த்துக் கேட்பாள். கல்யாணமாகி அடுத்த வருடம் அவளுக்குக் கரு கலைந்தது. ஆறுதல் சொல்லக் கத்தரி போனபோது, தம்பி உள்ளறையில் இருந்துகொண்டே வெளியே வரவில்லை. இரண்டாவதும் கலைந்தபோது, அவன் தொலைபேசியில் கூப்பிட்டு, நீ இப்போது வர வேண்டாம் என்று மட்டும் சொன்னான்.

சில மாதம் கழித்து ஒரு காலையில் இருவரும் ஆய்வுக்கூடத்துக்கே வந்து நின்றார்கள். கணவன் மனைவி இரண்டு பேருக்கும் குரோமோசோம் பார்க்கச் சொல்லி மருத்துவர் அனுப்பியிருந்தார். தம்பி அக்காவின் முகத்தைப் பார்க்கவில்லை. அந்தக் கட்டடத்து லிஃப்டின் கதவு இழுபடுவதைப் பெரிய கவலையோடு ஆராய்ந்துகொண்டிருந்தான். அவன் மனைவிதான் பக்கத்தில் வந்தாள்.

"அண்ணி, நேத்துதான் அவரு சொன்னாரு, உங்களுக்கு இப்படி இருக்குன்னு," என்றாள். "முன்னாடியே சொல்லியிருந்தா நான் என்ன, வேண்டாம்னா சொல்லியிருப்பேன்?"

கத்தரி அவளுடைய கையைப் பிடித்து உள்ளே அழைத்துப்போனாள்.

சொந்தக்காரர்களின் தகட்டை அவரவர் பார்க்கக் கூடாது என்பது அங்கே விதி. ஆகவே இருவருடைய ரத்தமும் மீசையிடம் போனது. மீசை அவளோடு வேலை பார்க்கிறவர். மீசையை எடுத்து வெகுகாலம் ஆகியும் பெயரை எடுக்க முடியாதவர். செல்கள் வளர்ந்துகொண்டிருந்த நாட்களில், வேறு எதையோ எடுக்கப் போகிறவள்போல அவள் அவற்றை வைத்திருந்த சூட்டுப்பெட்டியின் பக்கம் அடிக்கடி போய்வந்தாள். தம்பிக்கும் அது இருந்தால் என்ன சொல்ல வேண்டும் என்று மனதுக்குள் பேசிப் பார்த்துக்கொண்டாள். பயப்படாதே, எத்தனையோ பேர் இப்படி இருக்கிறார்கள், வழி இருக்கிறது. தனக்கு யாரும் சொல்லாத வார்த்தைகளை எல்லாம் அவனுக்காக எடுத்துவைத்தாள். மேஜைக்கு எதிரே அவன் உட்கார்ந்திருக்க, இருவருமாக அதைப் பற்றிப் பேசுவதுபோல ஒரு காட்சிகூட அவளுக்கு வந்தது.

மீசை முடித்ததும் அவளைக் கூப்பிட்டார். விதியெல்லாம் முடிவை எழுதும் வரைதான், இப்போது வந்து பார் என்றார்.

திரையில் தம்பியின் குரோமோசோம்கள் வரிசையாக நின்றன. பதினான்காவது இரண்டு, தனியாக. இருபத்தொன்றாவது இரண்டு, தனியாக. அவள் நம்பாமல் வேறு செல்களையும் கேட்டுப் பார்த்தாள். எல்லாவற்றிலும் நாற்பத்தாறு. அவன் மனைவிக்கும் அப்படியே.

"தப்பிச்சான் உன் தம்பி," என்றார் மீசை.

அவள் ஆமாம் என்றாள். சந்தோஷமாகத்தான் இருந்தது, அதில் பொய் இல்லை. ஆனால் சாய அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்ட பிறகு, சந்தோஷத்துக்கு அடியில் இன்னொன்று கிடப்பது தெரிந்தது. இத்தனை நாளும் தான் அவனுக்காகப் பயந்துகொண்டிருந்ததாகவே நினைத்திருந்தாள். அதோடு கூட, ஒரு துணை கிடைக்கும் என்று காத்துக்கொண்டும் இருந்திருக்கிறாள். சொந்தத் தம்பிக்கு அதை விரும்புவார்களா என்று தன்மேலேயே அருவருப்பு வந்தது. குழாயைத் திறந்துவிட்டு, அது கொட்டுவதைப் பார்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றாள்.

முடிவைப் பெரிய டாக்டருக்குப் பிறகு வந்த மருத்துவர் அவர்களுக்குச் சொன்னார். கலைந்ததற்குக் காரணம் தெரியவில்லை, பலருக்குத் தெரியாமலே போகும், தாராளமாக மறுபடி முயற்சி செய்யலாம் என்றார். வெளியே வந்த தம்பியின் முகம் சின்ன வயதில் இருந்ததுபோல மலர்ந்திருந்தது.

"எனக்கு ஒண்ணும் இல்லக்கா. நான் அப்பவே சொன்னேன்ல?"

சொல்லிவிட்டு, யாருக்கோ சேதி சொல்லத் தொலைபேசியைக் காதில் வைத்துக்கொண்டு படியிறங்கினான். அவன் மனைவி பின்தங்கி நின்றாள்.

"அண்ணி, உங்ககிட்ட இதச் சொன்னப்போ கூட யாரு இருந்தாங்க?"

"யாரும் இல்ல. பெரிய டாக்டர் இருந்தாங்க," என்றாள் கத்தரி. பிறகு, அது போதாது என்று தோன்றியதுபோல, "அன்னைக்கு வேலையும் நிறைய இருந்துச்சு," என்றாள்.

கீழேயிருந்து தம்பி கூப்பிடும்வரை அந்தப் பெண் கத்தரியின் தோளில் கை வைத்தபடி நின்றிருந்தாள்.

அடுத்த வருடம் அவர்களுக்குப் பெண் குழந்தை பிறந்தது. நல்ல எடை, நல்ல தொண்டை. கத்தரி விடுப்புப் போட்டுவிட்டு, அதற்கென்று தேடித் தேடி வாங்கிய மஞ்சள் போர்வையோடு பார்க்கப் போனாள். மடியில் வாங்கிக்கொண்டதும் குழந்தை அவள் விரலைப் பிடித்தது. அவள் மெதுவாக அந்தக் கையை விரித்தாள். உள்ளங்கை ரேகை ஒன்றாக ஓடுகிறதா இரண்டாக ஓடுகிறதா என்று பார்த்தாள். கண்ணின் ஓரம் எப்படிச் சாய்ந்திருக்கிறது, காது எந்த உயரத்தில் இருக்கிறது என்று பார்த்தாள். வருடக்கணக்காகப் பழகிய கண், கூடுதல் இருபத்தொன்றின் அடையாளங்களை அவளைக் கேட்காமலே தேடிப் பார்த்துவிட்டது. நிமிர்ந்தபோது தம்பி எதிரில் நின்றிருந்தான்.

அவன் கோபப்படவில்லை. குனிந்து, தலைக்கு அடியில் கையைக் கொடுத்து, குழந்தையை வாங்கிக்கொண்டான்.

"இவள எண்ணாதக்கா," என்றான் மெதுவாக.

அவள் இல்லடா என்றாள். சமையலறையில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த தம்பி மனைவிக்கு எதுவும் கேட்டிருக்காது. சாப்பிட்டுவிட்டுப் போங்கள் என்று அவள் எவ்வளவோ சொல்லியும், பேருந்துக்கு நேரமாகிறது என்று கத்தரி கிளம்பிவிட்டாள். பேருந்து வெகுநேரம் வரவில்லை.

அதற்குப் பிறகு அவன் கூப்பிடவில்லை, அவளும் போகவில்லை. சண்டை என்று சொல்ல ஒன்றும் இல்லாததால் சமாதானம் ஆகவும் வழியில்லாமல் இருந்தது. ஆய்வுக்கூடத்தில் புதிய கருவி வந்தது. மீசை ஓய்வு பெற்றார். தெரியாத ஊர்களிலிருந்து தெரியாதவர்களின் ரத்தம் வந்துகொண்டிருந்தது. நாற்பத்தாறு வந்த தாள்களை அவள் சட்டென்று கையெழுத்துப் போட்டு அனுப்பிவிடுவாள். அவளைப்போலவே நாற்பத்தைந்து உள்ள யாராவது எப்போதாவது வருவார்கள். அப்படிப்பட்டவர்கள் முடிவைக் கேட்க வரும்போது, மருத்துவரின் அறைக்குள் தானும் போய், ஓர் ஓரமாக நாற்காலி போட்டு உட்கார்ந்துகொள்வாள். எதுவும் பேசமாட்டாள். வெளியே வந்த பிறகு அவர்கள் ஏதாவது கேட்டால் மட்டும், எனக்கும் இருக்கிறது என்பாள்.

ஞாயிற்றுக்கிழமைகளில் தம்பி வேலைக்குப் போன பிறகு அவன் மனைவி கூப்பிடுவாள். "அத்தைகிட்ட பேசு," என்று தொலைபேசியைக் குழந்தையின் பக்கத்தில் வைத்துவிட்டு வேலையைப் பார்க்கப் போய்விடுவாள். குழந்தைக்கு இன்னும் பேச்சு வரவில்லை. தட்டில் கரண்டியால் அடிக்கும், பெருமூச்சு விடும், எதையோ கீழே தள்ளும். கத்தரி அமுங்கிய நாற்காலியில் உட்கார்ந்து, தொலைபேசியைக் காதில் வைத்தபடி எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருப்பாள். குழந்தை ஏதாவது பித்தானை அமுக்கிவிடும், இணைப்பு அறுந்துவிடும். அவளாகத் திரும்பக் கூப்பிடுவதில்லை.