சென்ட்ரிங் பிரித்த பிறகு

ஃபெர்னாந்த் வலது காலைப் பூட்சுக்குள் திணித்துக்கொண்டிருந்தபோது மகள் கிஸ்லேன் போனை வைத்துவிட்டு வந்தாள். டாக்ஸிக்காரன் கையை விரித்துவிட்டானாம். பஸ்ஸும் ஓடவில்லை. இரவெல்லாம் கொட்டிய பனி வாசல் கதவின் கால்வாசி உயரத்துக்கு ஏறி நின்றது.

கணவர் ரோசேரின் சவப்பெட்டியை மட்டும் நேற்று மாலையே, புயல் தொடங்குமுன், கோயிலில் கொண்டுபோய் வைத்துவிட்டார்கள். இன்று காலை பூசை. அது முடிந்ததும் பெட்டி கல்லறைத் தோட்டத்துக் கிடங்குக்குப் போய்விடும். மண் இறுகிக் கிடக்கிறது, குழி வெட்டுவது பனி உருகிய பிறகுதான். வழியனுப்புவது என்றால் இன்றைக்குத்தான்.

"மெட்ரோ ஓடுதும்மா," என்றாள் கிஸ்லேன்.

"நடந்தே போலாம்."

"கோயில் ஊரோட அந்தக் கோடியில இருக்கு. முட்டி வரைக்கும் பனி. அப்பாவுக்கும் உனக்கும் சேர்த்தே பூசை வைக்கச் சொல்லட்டுமா?"

ஃபெர்னாந்த் சிரிக்கவில்லை. கல்யாணமாகி மொன்றியலுக்கு வந்த நாளிலிருந்து அவள் ஒருமுறைகூட மெட்ரோவுக்குள் இறங்கியதில்லை. சிறு வயதில், வடக்கே, தங்கச் சுரங்கத்துக்குள் போன அவள் அப்பா திரும்பி வரவில்லை, உடலும் கிடைக்கவில்லை. அதற்குப் பிறகு உருளைக்கிழங்கு எடுக்கக்கூட அவள் நிலவறைக்குப் போனவளில்லை. எந்தக் குளிரிலும் பஸ்தான்.

ரோசேர் சென்ட்ரிங் தச்சர், கான்கிரீட் ஊற்றுவதற்குப் பலகை அடித்துக் கொடுப்பவர். தெருக்கோடி மெட்ரோ நிலையத்தைக் கட்டியபோது அவரும் அங்கே வேலை செய்தார். திறப்பு நாளன்று டை கட்டிக்கொண்டு வந்து நின்று, ஒரே ஒரு தடவை வந்து பார் என்றார். என்னத்தைப் பார்க்க, நீ அடித்த பலகையைத்தான் பிரித்து எரித்துவிட்டார்களே என்றாள் அவள். அது வழக்கமான கேலிதான். ஊரெல்லாம் தச்சன் என்று பேர், அவன் செய்ததில் ஒன்றாவது நிற்கிறதா? கான்கிரீட் இறுகியதும் அவன் வேலை குப்பைக்குப் போகிறது. வீட்டு அலமாரியைக்கூடக் கடையில்தான் வாங்கினோம் என்று அக்கம்பக்கத்தில் சொல்லிச் சிரிப்பாள். அவரும் சேர்ந்து சிரிப்பார். அன்று தனியாகப் போய்விட்டு வந்தார். அதன்பிறகு கூப்பிடவில்லை.

"கண்ண மூடிக்கோ," என்றாள் கிஸ்லேன். "நான் கூட்டிட்டுப் போறேன். கோயில் வர்ற வரைக்கும் திறக்கவே வேணாம்."

தெருக்கோடி நிலையத்துக் கதவைத் தள்ளியதும் கீழிருந்து சூடான காற்று முகத்தில் அடித்தது. ஃபெர்னாந்த் கண்ணை மூடி, வலது கையுறையைக் கழற்றி மகளின் விரல்களை இறுகப் பற்றிக்கொண்டாள். நகரும் படி அவளை இறக்கிக்கொண்டே போனது. அப்பாவின் சட்டையில் வீசும் அந்த ஈரக்கல் வாசனை இப்போது வரும் என்று காத்திருந்தாள். வந்ததென்னவோ நனைந்த கம்பளியும் காப்பியும்தான். இன்னும் எவ்வளவு என்று கேட்டாள். வந்துருச்சு என்றாள் மகள். படி இறங்கிக்கொண்டேதான் இருந்தது.

கடைசியில் கால் தடுக்கியது. தடுமாறியதில் மகளின் பிடியை விட்டு வலது கை சுவரில் போய் ஊன்றியது. ஃபெர்னாந்த் அப்படியே நின்றுவிட்டாள். விரல்களுக்கு அடியில் மரத்தின் ரேகை. ஒரு கணு. இரண்டு பலகை சேரும் இடுக்கு.

"இங்க ஏன்டி பலகை அடிச்சிருக்கு?"

"பலகை இல்லம்மா, கான்கிரீட்."

"தச்சன்கூடக் குடித்தனம் பண்ணினவகிட்ட சொல்றியா?"

கண்ணைத் திறந்தாள். சாம்பல் நிறம், கல். ஆனால் மரத்தின் தோலை அப்படியே உரித்துப் போர்த்திக்கொண்ட கல். ஆணித்தலை பதிந்த வட்டம்கூட இருந்தது. பார்வையைச் சுவரோடு மேலே ஏற்றினாள்; அது போய்க்கொண்டே இருந்தது. வீட்டின்மேல் வீடாக அடுக்கினாலும் தொட முடியாத உயரம். நடுவில் ஒரு தூண் இல்லை. ராட்சத உத்திரங்கள் இந்தச் சுவரிலிருந்து அந்தச் சுவருக்குப் பாய்ந்து கிடந்தன. எங்கோ உச்சியில் ஒரு கண்ணாடி வழியாகப் பனியின் வெளிச்சம் இறங்கி வந்தது. அது விழுந்த இடமெல்லாம் பலகை, பலகை, பலகை. ஒரு காட்டையே இங்கே கொண்டுவந்து நிறுத்தி, கல் தானாக நிற்கப் பழகும்வரை தாங்கிப் பிடித்துவிட்டு, பிறகு ஓசையில்லாமல் விலக்கியிருக்கிறார்கள். சனங்கள் தோளில் பனியைத் தட்டிக்கொண்டு போனார்கள். யாரும் நிமிர்ந்து பார்க்கவில்லை.

ரயில் வந்து கதவு திறந்தது.

"ஏறும்மா."

"போகட்டும்."

"பூசைக்கு நேரமாச்சு."

"நாம போகாம ஆரம்பிக்க மாட்டாங்க. உங்கப்பாவும் எங்கேயும் போயிட மாட்டாரு." பிறகு தாழ்ந்த குரலில் கேட்டாள்: "அவரு அடிச்சது எந்தப் பக்கம்டி?"

"யாருக்கும்மா தெரியும்? எத்தனையோ பேர் வேலை செஞ்ச இடம்."

ஃபெர்னாந்த் தலையசைத்தாள். வலது உள்ளங்கையைச் சுவரில் வைத்து, ஒரு பலகையும் விடாமல் தடவிக்கொண்டே நடைமேடையின் கடைசிவரை நடந்தாள். எதிர்ப்பக்கச் சுவரை எட்ட முடியாது. தண்டவாளத்துக்கு இந்தப் பக்கம் நின்று அதை வெகுநேரம் பார்த்தாள். இன்னொரு ரயிலும் போனது. கிஸ்லேன் கடிகாரத்தைப் பார்ப்பதை நிறுத்தியிருந்தாள்.

அடுத்ததில் ஏறினார்கள். ஃபெர்னாந்த் கண்ணை மூடவில்லை.

பூசை தாமதமாகத்தான் தொடங்கியது. கோயில் வாசலில் தீர்த்தத் தொட்டியில் அவள் இடது கையை நனைத்துச் சிலுவை போட்டுக்கொண்டாள். புயலைத் தாண்டி வந்திருந்த சிலர் பூசை முடிந்து வரிசையாக வந்து கை நீட்டினார்கள். அவர்களுக்கும் இடது கைதான்.

"கை வலிக்குதாம்மா?" என்று கிஸ்லேன் காதோரம் கேட்டாள்.

"இல்லையே."

கான்கிரீட் தூசி படிந்த வலது கை, கோட்டுப் பைக்குள் விரித்தபடியே இருந்தது.