மான் முடி

கராஜில் தலைகீழாகத் தொங்கிக்கொண்டிருந்த மானை ஒரு கையால் ஒதுக்கிவிட்டுத்தான் மார்லிஸ் வண்டியின் முன்பக்கத்துக்குப் போக வேண்டியிருந்தது. நவம்பர் கடைசி, மான் வேட்டை சீசன் நடந்துகொண்டிருந்தது. வடக்கு விஸ்கான்சினில் இந்த நாட்களில் எந்த வீட்டுக் கராஜைத் திறந்தாலும் இப்படி ஒன்று தொங்கும். தொட்ட இடத்தில் அது மெல்ல ஆடி, திரும்பி வந்து அவள் தோளில் இடித்தது. "சனியனே, தள்ளிப் போ" என்றாள் மானிடம். பிறகு போனை எடுத்துத் தம்பியின் பிக்கப்பைப் படம் பிடிக்கத் தொடங்கினாள்.

வலது விளக்கு நொறுங்கியிருந்தது. முன் கிரில்லில் இரண்டு கம்பிகள் உடைந்திருந்தன. பானெட்டின் ஒரு பக்கம் உள்வாங்கிக் கிடந்தது. இருபத்தைந்து வருஷங்களாக இந்த ஊரில் கார் இன்ஷூரன்ஸ் விற்கிறவள் அவள். இந்த மாவட்டத்தில் மானை இடிக்காத வண்டி என்று ஒன்று இருந்தால் அது ஓடாத வண்டியாக இருக்கும். ஆகவே அவள் கண் தானாகவே முடியைத் தேடியது. மான் முடி தடிப்பாக, உள்ளே வெற்றுக் குழலாக இருக்கும். லேசாக உரசினாலே கொத்துக் கொத்தாகக் கழன்று, விளக்கு இடுக்கு, நம்பர் பிளேட் ஓரம், கதவுக் கைப்பிடி வரைக்கும் ஒட்டிக்கொள்ளும். எத்தனை முறை கழுவினாலும் எங்காவது ஒன்றிரண்டு மிச்சமிருக்கும். இந்த வண்டியில் ஒன்றுகூட இல்லை. வாங்கிய நாளிலிருந்து மழை தவிர வேறு தண்ணீரைப் பார்க்காத வண்டி, பளபளவென்று நின்றது.

"நீ இடிச்ச மான் எங்கடா?" என்றாள்.

தம்பி டுவேன் வாசல் பக்கமாக நின்று காப்பி குடித்துக்கொண்டிருந்தான். நாற்பத்தேழு வயது. குளிர்காலத்தில் ஊரார் வீட்டு வாசல்களில் பனி தள்ளிப் பிழைக்கிறவன். இந்தப் பிக்கப் ஓடினால்தான் அவன் வீட்டில் அடுப்பு எரியும்.

"ஓடிப்போச்சு."

"நீயா? கறியை விட்டுட்டு வந்தியா? ரோட்டுல செத்துக் கெடந்த வான்கோழியவே தூக்கிட்டு வந்தவன் நீ."

"இருட்டிடுச்சு மார்லி. காட்டுக்குள்ள பூந்துடுச்சு. இந்த முட்டிய வச்சுக்கிட்டு நான் துரத்திக்கிட்டு ஓடணுமா?"

"எந்த எடத்துல?"

"இங்கதான், வளைவுல." தலையை மட்டும் வெளியே ஆட்டிக் காட்டினான். வீட்டுக்கு முன்னால் அறுவடை முடிந்த சோளக்காடு, அதையடுத்து மாவட்டச் சாலையான கவுண்டி ரோடு. அந்த ரோடு வளைகிற இடம் இங்கிருந்தே தெரியும்.

அவளுக்குச் சிரிப்பு வந்தது. வண்டியை மரத்தில் விட்டிருக்கிறான் என்று நினைத்தாள். சனிக்கிழமை சாயங்காலம், பாரில் கூடக் கொஞ்சம் பிராந்தி, வளைவில் ஒரு மரம். குடித்துவிட்டு ஓட்டியதற்கு ஏற்கெனவே இரண்டு முறை மாட்டியவன். இன்னொரு முறை என்றால் சிறைதான். அதனால்தான் அன்றைக்கு வேறு யாரையும் கூப்பிடாமல் அவளைப் போனில் கூப்பிட்டிருக்கிறான். கூப்பிட்டவன் எடுத்த எடுப்பில் கேட்டதே, "மரத்துல மோதினா காசு வருமா, மார்லி?" என்பதுதான்.

அங்கேதான் அவள் தப்பு செய்தாள். மற்றவர்கள் கூப்பிட்டால் அவள் அப்படிச் செய்வதே கிடையாது. என்ன நடந்தது என்று முதலில் முழுக்கக் கேட்டுக்கொள்வாள், அதற்குப் பிறகுதான் எது கிடைக்கும், எது கிடைக்காது என்று வாயைத் திறப்பாள். கவரேஜ் தெரிந்த பிறகு சொல்கிற கதை அந்தக் கவரேஜின் அளவுக்கு வெட்டித் தைத்த சட்டையாகத்தான் வரும், அவள் பார்க்காததா? ஆனால் கூப்பிட்டது தம்பி. பேச்சைக் கேட்காத தம்பி. இரண்டு வருஷத்துக்கு முன்னால் அவள் தலையால் அடித்துக்கொண்டும் மோதல் கவரேஜை எடுத்துவிட்டுப் பணத்தை மிச்சம் பிடித்த தம்பி. சொல்லிக்காட்டுகிற சந்தோஷத்தில் அவள் மளமளவென்று கொட்டிவிட்டாள்.

"கொலிஷன் வேணாம்னு நீதானே சொன்னே? மரம், கம்பம், சுவர், நீயா கவுந்தது, எதுக்கும் ஒரு காசு வராது. காம்ப்ரிஹென்சிவ் இருக்கு. அது திருட்டு, தீ, ஆலங்கட்டி மழை, அப்புறம் மானு. மானை நேரா இடிச்சா குடுப்பான். மானுக்கு ஒதுங்கி மரத்துல விட்டா அது மரக் கணக்கு, குடுக்க மாட்டான். லயபிலிட்டி உன் வண்டிக்கு இல்ல, உன்னால அடுத்தவனுக்கு என்ன ஆச்சோ அதுக்கு. புரியுதா, மண்டூ?"

அவன் குறுக்கே பேசாமல் கேட்டுக்கொண்டிருந்தான். அதுவே புதுசு. எல்லாம் முடிந்த பிறகு ஒன்றே ஒன்று கேட்டான்.

"லயபிலிட்டி எவ்வளவு வரைக்கும்?"

"எதுக்கு? யாரையாவது இடிச்சுட்டியா?" என்று அவள் சிரித்தாள். அவனும் சிரித்தான். "சும்மா கேட்டேன். மான்தான் மார்லி. மானை இடிச்சுட்டேன்."

இப்போது கராஜில் அந்தப் பேச்சு அவள் நினைவில் இருந்தது, ஆனால் வேறு விதமாக இருந்தது. மரத்தை மானாக்கிவிட்டான் பயல், அவ்வளவுதான். கம்பெனி கொழுத்த கம்பெனி, தம்பி காய்ந்த தம்பி. பனி கொட்ட ஆரம்பிப்பதற்குள் வண்டி தயாராக வேண்டும். முடி இல்லாத படத்தைப் பார்த்தால் கம்பெனிக்காரன் ஆளை அனுப்புவான், ஆள் வந்தால் கேள்வி வரும்.

கை தானாகப் போனது என்று பிற்பாடு அவள் தனக்குத் தானே சொல்லிப் பார்த்தாள். தானாகப் போகவில்லை. தொங்கிக்கொண்டிருந்த மானின் விலாவிலிருந்து ஒரு கொத்து முடியைப் பிடுங்கினாள். உடைந்த கிரில் கம்பியில் கொஞ்சம், விளக்கு இடுக்கில் கொஞ்சம் என்று செருகினாள். தள்ளி நின்று பார்த்தாள். ரொம்ப அதிகமாக இருப்பதாகப் பட்டது, பாதியை எடுத்துக் கீழே உதறினாள். பிறகு பக்கத்தில் போய் மூன்று படம் எடுத்தாள்.

டுவேன் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டு நின்றான். அவன் சிரிப்பான், கிண்டல் செய்வான் என்று அவள் எதிர்பார்த்தாள். அவன் கண் கலங்கியிருந்தது.

"தேங்க்ஸ், மார்லி" என்றான்.

பிறந்ததிலிருந்து அவளுக்கு ஒரு நன்றி சொன்னதில்லை அவன். திரும்பி வரும் வழியெல்லாம் அது அவளை என்னவோ செய்தது. வண்டிமேல் அவனுக்கு அவ்வளவு கவலை என்று நினைத்துக்கொண்டாள். ஆபீசுக்கு வந்து படங்களைக் கம்பெனிக்கு அனுப்பினாள்.

மறுநாள் காலை ஃபே லிண்ட்க்விஸ்ட் ஆபீசுக்குள் வந்தாள். பால் பண்ணைக்காரி. மார்லிஸுடன் பள்ளிக்கூடத்தில் ஒன்றாகப் படித்தவள். மாட்டுச்சாணம் ஒட்டிய பூட்ஸைக் கழற்றாமலே நேரே மேஜைக்கு வந்து ஒரு தாளை வைத்தாள். ஒரு மனிதனின் படம், கீழே தொலைபேசி எண்.

"இத உன் ஆபீஸ் ஜன்னல் கண்ணாடில ஒட்டிக்கிறியா? எஃப்ராயின். என்கிட்ட பால் கறக்கறவன். சனிக்கிழமை சாயங்காலம் கறவை முடிச்சுட்டு டாட்டா காட்டிட்டுப் போனான். போனவன் போனவன்தான்."

"ஊருக்குப் போயிருப்பான்."

"சம்பளத்த விட்டுட்டா? அவன் தங்குற டிரெய்லர் வீட்டுல துணிமணி அப்படியே இருக்கு. பொண்டாட்டி தினம் மெக்ஸிகோலேந்து கூப்பிட்டு அழுவுறா. எனக்கு அவ பேசறது பாதி புரியல. அழுகை புரியுது."

மார்லிஸ் தாளைப் பார்த்தாள். அவனை அவளுக்குத் தெரியும். போன வசந்தத்தில் தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு இதே நாற்காலியில் உட்கார்ந்திருந்தான். பழைய கார் ஒன்று விலைக்கு வருகிறது, அதற்கு இன்ஷூரன்ஸ் வேண்டும் என்றான். அவனிடம் லைசன்ஸ் இல்லை, குடியேற்றக் காகிதம் இல்லாத அவனுக்கு இங்கே லைசன்ஸ் கொடுக்கவும் மாட்டார்கள். லைசன்ஸ் இல்லாதவருக்கு எங்கள் கம்பெனி பாலிசி தராது என்று அவள் பொறுமையாக எடுத்துச் சொன்னாள். இன்ஷூரன்ஸ் இல்லாமல் இந்த ஊரில் பாதிப்பேர் ஓட்டத்தான் செய்கிறார்கள். அவன் அப்படி இல்லை. "யாரையாச்சும் இடிச்சுட்டா நான் எங்கம்மா போவேன் பணத்துக்கு" என்று சொல்லி எழுந்தான். காரை வாங்கவில்லை.

"எப்படி வீட்டுக்குப் போவான்?" என்று கேட்டாள். குரல் தன்னுடையதுபோல் இல்லை.

"நடைதான். கவுண்டி ரோட்டோரமா, டார்ச் ஒண்ண வச்சுக்கிட்டு. நான் எத்தன தடவ சொன்னேன், கொண்டு விடறேன்டான்னு. கேட்டாத்தானே. உன் தம்பி வீட்டு வளைவு வழியாத்தான் போவான், டுவேன்கூடப் பாத்திருப்பானே. அவன்கிட்டக் கேட்டுச் சொல்லேன்." ஃபே டேப்பைக் கிழித்துக் கண்ணாடியில் தானே ஒட்டினாள். "மதியம் எல்லாரும் தேடப் போறோம். வேட்டைக்காரனுங்க பாதிப்பேர் துப்பாக்கிய வச்சுட்டு வரேன்னுட்டானுங்க. பாவம், ஒரு வண்டி கிண்டி இடிச்சிருந்தா... அதுக்கு என்ன இன்ஷூரன்ஸ் இருக்கு மார்லிஸ்? அவன்கிட்ட ஒண்ணும் கிடையாது."

"ஓட்டினவனோட லயபிலிட்டி" என்றாள் மார்லிஸ். இருபத்தைந்து வருஷப் பழக்கத்தில் அவள் வாயே பதில் சொன்னது. "ஓட்டினது யாருன்னு தெரிஞ்சா."

ஃபே போன பிறகு அவள் கம்ப்யூட்டரில் அந்தப் படங்களைத் திறந்தாள். திறக்காமல் இருந்திருக்கலாம். பெரிதாக்கினாள். மரத்தில் மோதிய வண்டி ஓரிடத்தில் குழிந்து மடியும். எத்தனையோ பார்த்திருக்கிறாள், ஒரு பார்வை போதும். இது மடியவில்லை. விளக்கில் தொடங்கிய அடி கிரில்லைத் தாண்டி, பானெட்டின் மேலாக அகலமாகப் போய், முன்கண்ணாடிக்கு ஒரு சாண் முன்னால் இன்னொரு பள்ளமாக முடிந்திருந்தது. மரம் பானெட்டின் மேல் ஏறாது. நேற்று அதை ஏன் பார்க்கவில்லை? பார்த்தாள். பார்க்க வேண்டாம் என்று இருந்துவிட்டாள். படத்தின் நடுவில், வெளிச்சம் நன்றாக விழுந்த இடத்தில், பழுப்பும் வெள்ளையுமாக மான் முடி இருந்தது.

படத்தை மூடப் போனாள். அப்போது போன் அடித்தது. கம்பெனியின் க்ளெய்ம் பிரிவிலிருந்து ஒரு இளம்பெண், உற்சாகமான குரல்.

"மேடம், உங்க தம்பி ஃபைல்தான். எல்லாரும் இந்த மாதிரி படம் அனுப்பினா எங்களுக்கு வேலையே இருக்காது மேடம்! முடி அவ்வளவு தெளிவா இருக்கு. ஆள் அனுப்ப வேண்டியதில்ல. பாஸ் பண்ணிட்டேன். வண்டிய இன்னிக்கே பட்டறைல விட்டுடலாம்."

நிறுத்துங்கள் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். பட்டறையில் விட்டால் பானெட் கழன்று போகும், கிரில் போகும், விளக்கு போகும். எஃப்ராயினுக்கு என்ன ஆயிற்று என்று சொல்லக்கூடிய எல்லாமே பழைய இரும்போடு போகும். மிஞ்சுவது அவள் செருகிய முடிதான். தம்பியைக் காட்டிக்கொடுத்தால் தன்னையும் சேர்த்துத்தான் கொடுக்க வேண்டும். அதுவும் அவளுக்குத் தெரிந்தே இருந்தது. அதை நினைத்ததற்காகவே தன்மேல் அருவருப்பாக இருந்தது.

"நன்றி" என்றாள்.

டுவேன் வீட்டுக்கு அவள் போனபோது கராஜ் கதவு மேலே ஏறியிருந்தது. பட்டறைக்காரனும் போன் செய்துவிட்டான் போலிருக்கிறது. டுவேன் பிக்கப்பிலிருந்து சாமான்களை எடுத்துக் கீழே வைத்துக்கொண்டிருந்தான், சங்கிலி, மண்வெட்டி, உப்பு மூட்டை. அவளைப் பார்த்ததும் கையைத் துடைத்துக்கொண்டான்.

"பாஸ் ஆயிடுச்சாமே" என்றான்.

"சனிக்கிழமை என்ன நடந்துச்சு, டுவேன்?"

"அதான் சொன்னேனே."

"என்கிட்ட சொல்ல வேணாம். மரம், மான் எதையும் சொல்ல வேணாம். நடந்ததச் சொல்லு."

அவன் அவளைப் பார்த்தான். சின்ன வயதில் ஏதாவது உடைத்துவிட்டால் இப்படித்தான் பார்ப்பான், அவள் என்ன சொல்லப்போகிறாள் என்று தெரிந்துகொண்டு அதையே தானும் சொல்வதற்காக. பிறகு அவன் கேட்டதில் கேலி இல்லை. உண்மையிலேயே தெரியாமல்தான் கேட்டான்.

"நீயே சொல்லு மார்லி. எதச் சொன்னா சரி வரும்?"

அவள் வண்டியைப் பிடித்துக்கொண்டாள். தான் பிடித்திருப்பது பானெட் என்று தெரிந்ததும் கையை எடுத்துவிட்டாள்.

"அவன் அப்ப உயிரோட இருந்தானா?"

டுவேனின் கண்கள் அவளைத் தாண்டி வெளியே போயின. அவளும் திரும்பினாள். சோளக்காட்டின் அந்தப் பக்கத்தில் அவர்கள் வந்துகொண்டிருந்தார்கள். முப்பது நாற்பது பேர் இருக்கும், எல்லாரும் வேட்டையாடும்போது போடுகிற பளீரென்ற ஆரஞ்சுச் சட்டையில். மானைக் காட்டிலிருந்து விரட்டுவதற்கு நடப்பார்களே, அதேபோல ஒருவருக்கொருவர் இடைவெளி விட்டு, ஒரே வரிசையாக, தரையைப் பார்த்தபடி நடந்தார்கள். கையில் துப்பாக்கி இல்லை, கம்புதான் இருந்தது. சோளக் கட்டைகள் காலடியில் ஒடிகிற சத்தம் இங்கே வரைக்கும் கேட்டது.

டுவேன் சுவரிலிருந்த பொத்தானை அழுத்தினான். கராஜ் கதவு முனகிக்கொண்டு இறங்கத் தொடங்கியது. மார்லிஸ் இரண்டு எட்டு வைத்து, கதவு இறங்குகிற இடத்தில் போய் நின்றாள். கீழே ஆள் நின்றால் இறங்காத தானியங்கிக் கதவு, பாதியில் அவளைக் கண்டுகொண்டு நின்றது, பிறகு மறுபடி மேலே ஏறியது.

"உள்ள வா மார்லி" என்றான் அவன். "ப்ளீஸ்."

அவள் நகரவில்லை. உள்ளேயும் போகவில்லை, வெளியேயும் போகவில்லை. அவன் மறுபடி அழுத்தினான். கதவு மறுபடி இறங்கி, மறுபடி ஏறியது.

வரிசை ரோட்டை நெருங்கிவிட்டது. வளைவுக்கு அருகில், ரோட்டோரப் பள்ளத்தின் விளிம்பில், ஒருவர் நின்றார். கம்பால் புல்லை விலக்கினார். குனிந்தார். பிறகு கையை உயர்த்தினார். அவருக்குப் பக்கத்தில் இருந்தவர் நின்றார், அவருக்கு அடுத்தவர் நின்றார், அப்படியே சோளக்காட்டின் மறுகோடி வரைக்கும் ஒவ்வொருவராக நின்றார்கள்.