இத்தாலிக்காகக் காத்திருந்தவன்

ஃபியோரென்சோ ஸான்சானி முதல் தடவை மறுத்தபோது அவனுக்கு இருபது வயது. நானும் அந்த மேசையில்தான் உட்கார்ந்திருந்தேன். தொமஞ்ஞானோ ஊரில் அவர்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாடு. நடுவில் ஒத்தாவியோ சிவப்பு ஒயின் பாட்டிலோடு வந்து சேர்ந்தார். வார நாட்களில் பள்ளிக்கூடத்தில் உடற்பயிற்சி ஆசிரியர். மற்ற நேரத்தில் இத்தாலிக்கு நடுவே இருக்கும் எங்கள் குட்டி நாடு சான் மரீனோவின் தேசியக் கால்பந்து அணிக்குப் பயிற்சியாளர்.

"அடுத்த மாசம் ரெண்டு மேட்ச் இருக்கு. உன் தம்பி காப்ரியோ கோல் கீப்பர். இந்த நேவியோ வலது பக்கத்தப் பாத்துக்குவான். கோல் அடிக்கத்தான் ஆள் இல்ல. நீ வந்துடுப்பா," என்றார். நேவியோ என்றது என்னை.

ஃபியோரென்சோ அப்போதுதான் கடற்கரைப் பக்கத்து இத்தாலியக் கிளப் ஒன்றில் சம்பளத்துக்குச் சேர்ந்திருந்தான். ரொட்டித் துண்டைத் தட்டில் வைத்துவிட்டு நிமிர்ந்தான்.

"மன்னிச்சுக்குங்க சார். நான் வரல. உங்களோட ஆடிட்டா அப்புறம் இத்தாலி அணிக்கு ஆட முடியாது."

அம்மா இத்தாலியின் ரிமினி ஊர்க்காரி என்பதால் அவனுக்கு இத்தாலியக் குடியுரிமை உண்டு என்பது தெரிந்த விஷயம்தான். ஆனால் மனதுக்குள் அவன் இவ்வளவு தூரம் கணக்குப் போட்டு வைத்திருப்பான் என்று அவன் அம்மாவுக்கே தெரியாது. கடைசியில் காப்ரியோதான் சிரித்தான்.

"விடுங்க சார். இவன இத்தாலி கூப்பிட்டா நமக்கெல்லாம் ஓசி டிக்கெட் கிடைக்கும்."

அவன் ஆசை பேராசை என்று சொல்லிவிட முடியாது. அப்படி ஆடினான். கோலுக்கு முதுகைக் காட்டி நின்றபடியே பின்னால் வருபவன் எந்தப் பக்கம் சாய்கிறான் என்று தோளாலேயே தெரிந்துகொள்வான். ஒரு திரும்பு, ஒரு உதை, அவ்வளவுதான். இத்தாலிய லீக்கின் இரண்டாம் பிரிவில் அவன் ஆடுகிற நாட்களில் நாங்கள் கார் காராகப் போய்ப் பார்த்தோம்.

எங்கள் ஆட்டம் வேறு. நான் பெயின்ட் தொழிற்சாலையில் நிறம் கலக்குகிறவன். காப்ரியோ வீடு வீடாகப் போய்க் குளியலறைக்கு டைல்ஸ் ஒட்டுவான். புதன்கிழமை ஏதோ ஒரு குளிர்நாட்டில் ஆறு கோல் வாங்கிக்கொண்டு, வியாழக்கிழமை காலையில் வேலைக்குப் போவோம். ஒவ்வொரு ஆட்டம் முடிந்ததும் ஃபியோரென்சோ தம்பிக்குப் போன் செய்வான்.

"எத்தனை?"

"ஆறு."

"அதுல உன் தப்பு எத்தனை?"

"ரெண்டு. மிச்சம் நாலும் நேவியோ தப்பு."

இரண்டு பேரும் சிரிப்பார்கள். திரும்பும் பஸ்ஸில் பக்கத்து இருக்கையில் இருக்கும் எனக்கும் கேட்கும்.

இருபத்தாறு வயதில் அவன் உச்சத்தில் இருந்தான். இத்தாலி அணிக்கு அழைக்கப்படலாம் என்று ஒரு செய்தித்தாள் எழுதியது. எங்கள் ஊர் இனேஸ் தன் காபிக் கடையில் அவன் படத்தை மாட்டினாள். அணியை அறிவித்த அன்று கடை நிறையக் கூட்டம். டிவியில் பெயர்களை வாசித்து முடித்தார்கள். அவன் பெயர் இல்லை. "அடுத்த வருஷம் பாருங்க," என்றாள் இனேஸ். அடுத்த வருஷமும் இல்லை.

அந்தச் சமயத்தில்தான் ஒரு நிருபர் கேட்டார், சொந்த நாட்டுக்கு ஏன் ஆடுவதில்லை என்று. அதற்கு அவன் சொன்னது அப்படியே அச்சில் வந்தது: "தோக்கறதுக்கு எனக்கு நேரமில்ல. அவங்க ஜாலிக்கு ஆடுறாங்க. எனக்கு இது தொழில்."

அந்த வாரம் நாங்கள் எட்டு கோல் வாங்கித் தோற்றிருந்தோம். எங்கள் நடுக்களக்காரன் மீர்கோ மூக்கில் கட்டோடு இனேஸ் கடைக்குள் வந்தான்.

"ஜாலிக்கா? என் மூக்க உடைச்சானுங்களே, அதுவும் ஜாலிக்கா?" என்று படத்தைக் கழற்றித் தரையில் வைத்துவிட்டான்.

சற்று நேரத்தில் காப்ரியோ வந்தான், கையெல்லாம் டைல்ஸ் பசை. ஒன்றும் கேட்காமல் படத்தை எடுத்து ஆணியில் மாட்டினான்.

"அவன் எங்க அண்ணன். திட்டணும்னா நான் திட்டிக்கிறேன். நீங்க காபியக் குடிங்க."

ஆனால் எனக்குத் தெரிந்து அவன் திட்டவே இல்லை.

ஒத்தாவியோ வருஷா வருஷம் கேட்டுக்கொண்டிருந்தார். "இன்னும் ஒரு வருஷம் பாக்குறேன் சார்," என்பான் ஃபியோரென்சோ. கிளப்பில் இளம் ஆட்டக்காரன் ஒருவன் வந்து அவன் இடத்தைப் பிடித்தான். இவன் மூன்றாம் பிரிவுக்கு இறங்கினான். இத்தாலி இனி கூப்பிடாது என்பது அவனுக்கே தெரிந்த பிறகும் வரவில்லை. ஏன் என்று ஒரு தடவை கேட்டே விட்டேன்.

"இப்ப வந்தா, வேற கதியில்லாம வந்தான்னு சொல்வாங்கடா."

"சொல்லத்தான் செய்வாங்க. ரெண்டு நாள் சொல்வாங்க. அப்புறம் பந்தக் குடுப்பாங்க."

அவன் பேச்சை மாற்றிவிட்டான்.

பிறகு அந்த நவம்பர் மழை. எங்கள் செர்ரவால்லே மைதானத்தில், வடக்கிலிருந்து வந்த அணியோடு ஆட்டம். காப்ரியோவுக்கு அன்று என்னவோ வந்துவிட்டது. கையால் தடுத்தான், காலால் தடுத்தான், ஒன்றை முகத்தாலேயே தடுத்தான். கடைசி நிமிஷங்களில் நான் வலது ஓரத்தில் ஓடி, கோலுக்கு நேராகப் பந்தை அனுப்பினேன். எதிரணிக் கீப்பர் விழுந்து கிடந்தான். தொட்டால் கோல். தொட எங்கள் பக்கத்தில் ஒருவரும் இல்லை. பந்து சேற்றில் உருண்டு வெளியே போனது.

கோல் இல்லாமல் முடிந்தது. எத்தனையோ வருஷமாகத் தோற்றவர்களுக்கு அது போதும். ஒருவர் மேல் ஒருவர் விழுந்து அழுதோம்.

ஃபியோரென்சோ யாருக்கும் சொல்லாமல் வந்து பார்த்திருக்கிறான். உடை மாற்றும் அறை வாசலில் தொப்பியைக் கையில் பிடித்தபடி நின்றான். உதடு வீங்கிய காப்ரியோ ஓடிப்போய் அவனைக் கட்டிக்கொண்டான்.

"பாத்தியா? கடைசியில நேவியோ ஒண்ணு அனுப்பினானே, பாத்தியா? அது உன் பந்துடா! நீ இருந்திருந்தா ஜெயிச்சிருப்போம்!"

சந்தோஷத்தில் சொன்னான். குத்திக்காட்ட வேண்டும் என்று அவன் நினைக்கவே இல்லை. குத்தியிருந்தால் ஃபியோரென்சோ ஏதாவது பதில் சொல்லியிருப்பான். தம்பியின் ஈரத் தலையைத் தடவிக் கொடுத்துவிட்டு நேரே ஒத்தாவியோவிடம் போனான்.

"சார், எனக்கு இன்னும் இடம் இருக்கா?"

"அது காலியாத்தானே கிடக்கு," என்றார் அவர்.

அப்போது அவனுக்கு முப்பத்து நாலு வயது. அந்தக் குளிர்காலத்திலேயே பயிற்சியின்போது காப்ரியோவின் தோள் தசைநார் கிழிந்தது. இனிமேல் ஆடக்கூடாது என்று மருத்துவர் சொல்லிவிட்டார். அண்ணனும் தம்பியும் ஒரே சட்டையில் ஒரு ஆட்டம்கூட ஆடவில்லை.

ஃபியோரென்சோ நான்கு ஆட்டம் ஆடினான். மூன்றாவதில் நான் கொடுத்த பந்து அவனைக் கீப்பருக்கு எதிரே தனியாகக் கொண்டுபோய் நிறுத்தியது. பழைய மாதிரியே திரும்பினான். ஆனால் கால் வரத் தாமதமாகிவிட்டது. கீப்பர் குனிந்து, விழுந்ததை எடுப்பது போலப் பந்தை எடுத்துக்கொண்டான். எங்கள் ஜனம் எழுந்து நின்று கைதட்டியது. கார்னர் கிக் கிடைத்தாலே கைதட்டுகிறவர்கள் நாங்கள்.

ஆட்டம் முடிந்தும் அவன் பூட்ஸைக் கழற்றாமல் உட்கார்ந்திருந்தான்.

"இதுக்குப் போய் கைதட்டுறாங்க நேவியோ."

"அவங்க அப்படித்தான். எனக்கும் தட்டியிருக்காங்க."

"அஞ்சாறு வருஷம் முன்னாடின்னா கண்ண மூடிக்கிட்டு அடிச்சிருப்பேன்."

"தெரியும்டா."

"தெரியும்னு சொல்லாத. எல்லாருக்கும் தெரியும்னு நெனைக்கிறப்பதான் தாங்க முடியல."

அடுத்த ஆட்டத்தோடு நிறுத்திக்கொண்டான். இப்போது ரிமினியில் விளையாட்டு ஷூ கடை வைத்திருக்கிறான். வியாபாரம் பரவாயில்லை.

சில வருஷம் கழித்து எங்கள் தேசிய அணியின் இளம் பையன்கள் ஒரு ஆட்டத்தில் ஜெயித்தே விட்டார்கள். ஒன்றுக்குப் பூஜ்யம். அண்ணன், தம்பி, நான் மூன்று பேரும் சேர்ந்துதான் பார்த்தோம். விசில் ஊதியதும் ஊரே காரை எடுத்துக்கொண்டு ஹாரன் அடித்தபடி சாலைக்கு வந்துவிட்டது.

"வாடா, போகலாம்," என்றான் காப்ரியோ.

"நீங்க போங்க. இந்த வெற்றி உங்களோடது," என்றான் ஃபியோரென்சோ.

"பைத்தியமாடா உனக்கு? ஏறு வண்டியில."

பிடித்துத் தள்ளாத குறையாக ஏற்றினோம். நான் ஓட்டினேன். காப்ரியோ முன் ஜன்னலில் பாதி உடம்பை வெளியே நீட்டிக் கத்திக்கொண்டு வந்தான். யாரோ ஃபியோரென்சோவை அடையாளம் கண்டு பெயர் சொல்லிக் கூப்பிட்டார்கள். கண்ணாடியில் பார்த்தேன். பின் இருக்கையில் ஜன்னலை ஏற்றிவிட்டு, கைகளை மடியில் வைத்து உட்கார்ந்திருந்தான். நான் ஹாரனை அழுத்தியபடியே ஓட்டினேன்.